லியோந்தின் சித்தியின் மேசை

அன்செல்ம் என்கிற பெயரை நான் முதலில் கேட்டது என் கல்யாண விருந்தில். என் வீட்டுக்காரரின் சித்தி லியோந்தின் வாத்துக்கறி பரிமாறிக்கொண்டே, "எம் பையன் அன்செல்ம் வரல. சினிமாவுக்கு வீடு கட்டுறானாம். இருக்கிற வீட்டுக்கு வர நேரமில்ல" என்றாள். எல்லோரும் சிரித்தார்கள். அவள் சிரிக்கவில்லை.

பிறகு நானும் மார்ன் ஆற்றங்கரை ஸ்டூடியோவுக்குத் திரைச்சீலை தைக்கப் போனேன். அங்கே செட் போடுகிறவர்களில் அன்செல்முக்குத் தனி மதிப்பு. புதுச் சுவரில் காப்பியும் கரியும் பூசி, நாற்பது வருஷத்து அழுக்கை ஒரே மத்தியானத்தில் வரவழைத்துவிடுவார். சுவரின் மறுபக்கம் வெறும் பலகையும் முட்டுக்கொடுத்த கட்டையும்தான். "காமிரா பார்க்காத பக்கத்தக் கடவுள் பார்த்துக்குவார்" என்பார்.

ஒரு படத்துக்கு ஏழை வீட்டுச் சமையலறை வேண்டியிருந்தது. சித்தி அப்போது இடுப்பெலும்பு முறிந்து ஆஸ்பத்திரியில் கிடந்தாள். நானும் கூட இருந்தபோதுதான் அன்செல்ம் கேட்டார்.

"அம்மா, மேசைய மட்டும் குடு. மூணே வாரம்."

"உங்கப்பா செஞ்சதுடா. அவர் கைபட்டதுல மிச்சம் அது ஒண்ணுதான்."

"நீ வீட்டுக்கு வர்றதுக்குள்ள அதே எடத்துல இருக்கும்."

"சத்தியமா?"

"சத்தியமா."

கடைசி ஷாட் முடிந்ததும் செட்டை உடைக்க ஆட்கள் வருவார்கள். திருப்பித் தரவேண்டிய சாமானுக்குச் சாக்பீஸில் பெருக்கல் குறி உண்டு. குறி இல்லாததெல்லாம் கோடாலிக்கு.

"மேசைக்குக் குறி போடுங்க" என்றேன் அன்செல்மிடம்.

"வெள்ளையா காமிராவுல தெரியும் யுகெத்."

"அடியில போடுங்களேன்."

"குனிஞ்சு பார்க்கிற ஆளா அவனுங்க? கடைசி நாள் நானே மேல போடுறேன்."

கடைசி நாள், அடுத்த படத்துக்கு இடம் பார்க்க வரச் சொன்னார்கள் என்று காலையிலேயே நீஸுக்கு ரயிலேறிவிட்டார். நான் தையலறையில் இருந்தேன். கோடாலிச் சத்தம் கேட்டது. அது எப்போதும் கேட்கிற சத்தம்தானே என்று இருந்துவிட்டேன். துணியில் குறி போடுகிற சாக்பீஸ் என் பையிலேயே கிடந்தது.

மேசை விறகாகிவிட்டது. திரும்பி வந்தவர் ஒன்பது நாள் தச்சர்களோடு உட்கார்ந்து அதே மாதிரி ஒரு மேசையைச் செய்தார். கத்திக் கீறல், ஒயின் கிளாஸ் வட்டம், எதுவும் தப்பவில்லை. நானும் வாய் திறக்கக் கூடாது என்றார்.

சித்தி வீட்டுக்கு வந்தாள். தன் இடத்தில் உட்கார்ந்து ரொட்டி அறுத்தாள். இடது கை தானாக விளிம்புக்கு அடியில் போனது. அங்கேயே தடவிக்கொண்டிருந்தது.

"உங்கப்பா செதுக்கின வருஷம் எங்கடா?"

"என்ன வருஷம்?"

"எங்க கல்யாண வருஷம். உளியால செதுக்கியிருந்தாரு. நீ பார்த்ததே இல்லையா?"

அவர் எல்லாவற்றையும் சொன்னார். சித்தி மேசையை ஒருமுறை பார்த்தாள்.

"நல்லாத்தான் செஞ்சிருக்க. சினிமாவுல வர்ற மேச மாதிரியே இருக்கு."

அன்றிலிருந்து சாகிற வரைக்கும் அவள் தட்டை மடியில் வைத்துக்கொண்டு ஜன்னலோரம்தான் சாப்பிட்டாள்.

அந்தச் சமையலறைக்காக அவருக்குப் பரிசு கிடைத்தது. அதற்குப் பிறகு காமிரா பார்க்காத பக்கத்தையும் இழைக்கச் சொல்லி ஆசாரிகளை வதைத்தார். நாள் வீணாகிறது என்று படமெடுப்பவர்கள் முணுமுணுத்தார்கள். கூப்பிடுவதும் குறைந்தது.

இப்போது அவருக்குத் தொண்ணூற்றொரு வயது. ஷாம்பினியில் ஒரு முதியோர் இல்லத்தில், மாடியறையில் இருக்கிறார். அவர் செய்த அந்த மேசையும் அங்கேதான் இருக்கிறது.