புளி போட்டுத் தேய்த்த வாள்

மேட்டு வூட்டு மியூசியத்தில் இருந்த வாளை அம்மாக்கண்ணு புளி போட்டுத் தேய்த்துவிட்டாள். ஆயுத பூஜைக்கு முதல் நாள் சாயங்காலம் இது நடந்தது. மறுநாள் காலையில் குமரேசன் சார் வந்து பார்த்தார், தலையில் கை வைத்து உட்கார்ந்துவிட்டார். இவ்வளவுதான் சங்கதி. ஆனால் இதை மட்டும் சொல்லி நிறுத்தினால் அவளைக் கிறுக்கி என்பீர்கள். அவள் அப்படிப்பட்டவள் இல்லை.

ஜவ்வாது மலை அடிவாரத்தில், போளூர் பஸ் திரும்புகிற மேட்டில் அந்த வீடு இருக்கிறது. கும்பினிக்காரன் காலத்தில் சுற்றியிருக்கிற கொல்லைகளில் பெரிய சண்டை நடந்ததாம். காயம்பட்டவர்களைத் தூக்கி வந்து இந்த வீட்டுக் கூடத்தில்தான் கிடத்தினார்களாம். இன்றைக்கும் டிராக்டர் ஓட்டினால் ஈயக் குண்டு கிடைக்கும். வீட்டுக்காரி, இளவரசி என்று பேர், சென்னையில் இருக்கிறாள். பாட்டன் சொத்தை இடிக்க மனசு வராமல் மியூசியம் ஆக்கிவிட்டாள். மாட்டுக் கொட்டகைக் கதவுக்கு அணைவாகக் கிடந்த பீரங்கிக் குண்டுக்கு இப்போது சிவப்பு வெல்வெட்டும் தனி விளக்கும் வந்துவிட்டன. எல்லாம் நேரம்!

சுற்றிக் காட்டுகிறவர் குமரேசன், ஓய்வு பெற்ற வாத்தியார். அந்த வாள் முன்னால் வந்ததும் குரலைத் தாழ்த்திக்கொள்வார். "இத துருன்னு நெனைக்காதீங்க. ரத்தம்! புடிச்சிருந்தவன் பேரு கூட நமக்குத் தெரியாது" என்பார். பெண்கள் "அய்யய்யோ" என்று பின்வாங்குவார்கள். ரத்தமோ துருவோ, யார் கண்டது? அவருக்கு அந்த இடம் என்றால் உயிர்.

அம்மாக்கண்ணு அங்கே கூட்டிப் பெருக்கி, கண்ணாடிப் பெட்டிகளைத் துடைத்து, சாவியை வைத்திருந்தவள். மலைமேல் இருக்கிற புதூர்நாட்டுக்காரி. புருஷன் சக்கரவர்த்தி, சாமை சரியாக விளையாத ஒரு வருஷம், நாலு பேரோடு சேர்ந்து ஆந்திரக் காட்டுக்கு மரம் வெட்டப் போனான். வேனில் பிணமாகத்தான் வந்தான். மரம் சாய்ந்தது என்றான் கூடப் போன ஒருத்தன், பள்ளத்தில் விழுந்தான் என்றான் இன்னொருத்தன். அவன் கோடாலி வரவே இல்லை.

அவள் வீட்டு ஜனங்களிடம் ஒரு வழக்கம் உண்டு. செத்தவன் புழங்கிய ஆயுதத்தை ஆயுத பூஜைக்குப் புளியும் சாம்பலும் போட்டுத் தேய்த்து, எண்ணெய் தடவி, பொட்டு வைத்து, ஒரு கை பொரி படைக்க வேண்டும். அப்போதுதான் அவன் கை ஓயும், இல்லாவிட்டால் அங்கேயும் உழைத்துக்கொண்டே இருப்பான் என்பார்கள். அம்மாக்கண்ணு எதைத் தேய்ப்பாள்? வருஷா வருஷம் வெறும் பலகை முன்னால் பொரியை வைத்துவிட்டு எழுந்துவிடுவாள். மகள் ரம்யா, "போனவருக்குப் பொட்டுதான் கொறைச்சலாம்மா?" என்று கடிந்துகொள்வாள். வேலூரில் நர்சிங் கடைசி வருஷம் படிக்கிற பெண்.

அன்றைக்கு விளக்குமாற்றுக்கும் குமரேசனின் ஸ்கூட்டருக்கும் பொட்டு வைக்கக் குங்குமம் குழைத்துக்கொண்டிருந்தவளுக்கு அந்த வாள் கண்ணில் பட்டது. எந்தத் தாய் பெற்ற பிள்ளையோ. இத்தனை காலமாகக் கழுவ நாதியில்லாமல் கிடக்கிறதே என்று எழுந்தாள். அண்ணன் மலையிலிருந்து கொடுத்தனுப்பிய புளி வீட்டில் இருந்தது, எடுத்து வந்தாள். கண்ணாடிப் பெட்டியைத் திறந்தாள். தேங்காய் நாரால் தேய்த்த தேய்ப்பில் முகம் பார்க்கலாம்போல ஆகிவிட்டது வாள். எண்ணெய் தடவி, பொட்டு வைத்து, ஒரு கை பொரியும் படைத்தாள்.

"அடிப்பாவி! சரித்திரத்தையே கழுவி வாய்க்கால்ல ஊத்திட்டியேம்மா!" என்று கத்தினார் குமரேசன். அழுதேவிட்டார் மனிதர்.

செய்தி போய், மறுநாளே இளவரசி காரில் வந்து இறங்கினாள். வேலை போனால் ரம்யாவின் படிப்பும் போகும் என்பது அம்மாக்கண்ணுவுக்குத் தெரியும். கதவோரம் வந்து நின்றாள்.

"இன்னிக்கே கணக்கு முடிச்சி அனுப்பிடுங்க சார்" என்றாள் இளவரசி. அப்புறம் இவள் பக்கம் திரும்பி, "ஏம்மா, நீயா செஞ்ச? எதுக்கு?" என்று கேட்டாள்.

"நான்தாம்மா செஞ்சேன். எம் புருசன் கோடாலி வரலம்மா, ஆளு மட்டுந்தான் வந்துச்சி. அதத் தேச்சி, பொட்டு வெச்சி, பொரி படைச்சாதான் செத்தவன் கை ஓயும்பாங்க எங்க ஜனங்க, எனக்குக் குடுத்து வெக்கல. இது யாரு வூட்டுப் புள்ளயோட கத்தியோ... அவங்க வூட்லயும் ஒருத்தி இப்டித்தானே வெறும் பலகைய பாத்துனு இருந்திருப்பா? தப்புன்னு தெரியாதும்மா."

இளவரசி வாளைக் குனிந்து பார்த்தாள். குமரேசன் குறுக்கே வந்தார். "மேடம், அவங்களை அனுப்பாதீங்க. நானும் ஒண்ணும் யோக்கியன் இல்ல. ரத்தம்னு சொல்றேனே, அது நானா சொல்றது."

இளவரசி ஒரு பெருமூச்சு விட்டாள். "சாவி சார்கிட்ட இருக்கட்டும். நீ வேலைய பாரு. இனிமே எது மேலயும் புளி படக்கூடாது, ஆமா!" என்று சொல்லிவிட்டுக் காரில் ஏறினாள்.

ஞாயிற்றுக்கிழமை போளூரிலிருந்து ஒரு குடும்பம் பார்க்க வந்தது. அம்மாக்கண்ணு பக்கத்து அறையில் பெருக்கிக்கொண்டிருந்தாள். வாள் வைத்த பெட்டியிடம் வந்ததும் குமரேசன் ரத்தக் கதையை விட்டுவிட்டு அடுத்த பெட்டிக்கு நகரப் பார்த்தார்.

"இன்னா சார், எல்லாம் துருப்புடிச்சிக் கீது, இது ஒண்ணு மட்டும் இப்டி மின்னுது?" என்றாள் அந்த வீட்டுப் பெண்.

"மத்ததுக்கெல்லாம் யாரும் இல்லம்மா" என்றார் குமரேசன். "இதுக்கு ஒரு ஆளு இருந்தாங்க. கழுவி, பொட்டு வெச்சி, பொரி படைச்சிட்டாங்க. இத புடிச்சிருந்தவன் இப்பதான் கைய கீழ வெச்சிருக்கான்."

அம்மாக்கண்ணு துடைப்பத்தைச் சுவரில் சாய்த்துவிட்டுக் கொல்லைப்புறம் போனாள். சக்கரவர்த்தியைப் புதைத்த அன்றைக்குக்கூட வராத அழுகை அது. வாய்விட்டு அழுதாள். அப்புறம் முகத்தைக் கழுவிக்கொண்டு வந்து மீதி அறையைப் பெருக்கினாள்.