சரோஜா அக்காவின் மூன்று நிமிடங்கள்

சரோஜா அக்கா இறந்துவிட்டார். இன்று காலை, மைசூரு விஜயநகரில் அவர் வீட்டிலேயே, தூக்கத்தில்.

மகள் கீதா போனில் சொன்னதும் எனக்கு முதலில் வந்தது நிம்மதிதான். தப்பாக நினைக்காதீர்கள்... ஆறு மாதமாக கேன்சர் அவரைப் படுத்திய பாட்டைப் பார்த்தவர்களுக்குப் புரியும்.

பேய்ப் படங்களைப் பற்றிய டாக்குமென்டரிகளில் தடிமனான கண்ணாடி, காட்டன் புடவையுடன் பேசுவாரே... அவர்தான். கொள்ளேகால்காரர். ரிட்டையர்ட் ஆபரேஷன் தியேட்டர் நர்ஸ்.

நான் எடிட் செய்த அப்படி ஒரு டாக்குமென்டரிக்காக அவரைப் பேட்டி எடுக்கப் போனோம். கொஞ்சம் பயந்த மாதிரி பார்க்கச் சொன்னார் டைரக்டர்.

"ஏனுங்க, வயித்தைத் தொறந்து வெச்சிருக்கறப்பப் பக்கத்துல நின்னவ நானு. பவுடர் பூசுன பேய்க்குப் பயப்படச் சொல்றீங்களா?"

கேமராமேன் சிரித்த சிரிப்பில் ஷாட்டே ஆடிவிட்டது.

நம் படங்களில் பேய் ஏன் எப்போதும் பெண்ணாகவே இருக்கிறது என்று டைரக்டர் கேட்டார்.

"உசுரோட இருக்கறப்ப அவ சொன்னத யாருமே கேக்கலீங்க. செத்துப் பேயா வந்தாத்தான் ஊரே உக்காந்து கேக்குது."

மூன்று நிமிடம் இதை விளக்கினார். அந்த மூன்று நிமிடத்தையும் நான் வெட்டினேன். டைரக்டர் சொன்னார், செய்தேன். "வெள்ளைச் சேல கட்டிக் கண்ணாடில என்னப் பாத்தா எனக்கே பயமாயிருமுங்க" என்று விளையாட்டாகச் சொன்னதை மட்டும் வைத்து, திகில் மியூசிக் போட்டேன். திரையில் அவர் பெயருக்குக் கீழே 'பேய்ப்பட ரசிகை'.

'பேய் ஆன்ட்டி' என்று மீம்ஸ் பறந்தது. சொந்தத் தம்பியே அவருக்கு ஃபார்வர்டு செய்தாராம்.

அக்கா எனக்கு ஒரே ஒரு முறை போன் செய்தார். "அத்தனை பேசுனனே கண்ணு... ஒண்ணுகூட உங்களுக்கு ஒதவலயா?"

அப்புறம் இரண்டு வருடம் என் போனை எடுக்கவில்லை. வேறு ஆட்கள் எடுத்த படங்களில் பேசினார். 'முழுசாப் போடறதா இருந்தா வாங்க' என்ற கண்டிஷனோடு.

அவருக்கு உடம்பு முடியவில்லை என்று கீதா சொன்ன பிறகுதான் பழைய ஹார்ட் டிஸ்க்கைத் தேடினேன். டைரக்டரிடம் பேசி, சம்மதம் வாங்கி, அந்த மூன்று நிமிடத்தைத் திரும்பச் சேர்த்தேன்.

போன மாதம் ஒரு மதியம் லேப்டாப்போடு போய் நின்றேன். திருப்பி அனுப்பிவிடுவார் என்றுதான் நினைத்தேன்.

தலையணையில் சாய்ந்தபடியே பார்த்தார். முடிந்ததும், "இன்னொருக்கா போடுங்க" என்றார்.

பெயருக்குக் கீழே 'திரை விமர்சகர்' என்று மாற்றியிருந்தேன். விரலால் அதைத் தொட்டார். "ரசிகைன்னும் சேத்துப் போடுங்க தம்பி. அதும் நெசந்தான."

"மன்னிச்சிருங்க அக்கா..."

"வுடுங்க. அந்த மியூசிக்க எடுத்துட்டீங்கல்ல, போதும். கீதா, தம்பிக்குக் காப்பி குடு."

மாற்றிய படத்தை அன்று சாயங்காலமே அப்லோட் செய்தேன். அதைப் பார்த்துவிட்டு கொள்ளேகாலிலிருந்து அவர் தம்பி கூப்பிட்டாராம். அக்கா வெகுநேரம் சிரித்துச் சிரித்துப் பேசினார் என்று கீதா சொன்னாள்.

மதியம் மூன்று மணிக்கு எடுக்கிறார்கள். முடிந்தவர்கள் வாருங்கள்.

இனி ஊசி இல்லை அக்கா... நல்லாத் தூங்குங்க.