ஓங்கிய கைக்கும் திரும்பிய முகத்துக்கும் நடுவே

மூன்று வருடம் நான் தினமும் ஆட்களைக் கொன்றேன். கழுத்தில் வாள் விழுந்தால் ரத்தம் எப்படித் தெறிக்கும், வயிற்றில் என்றால் எப்படி என்று என்னைக் கேட்டால் போதும். செஞ்சி பஸ் ஸ்டாண்டுக்குப் பின்னால் ஒரு மாடியில் எட்டுப் பேர் உட்கார்ந்து, ஜப்பான் கம்பெனி ஒன்றின் கார்ட்டூன் தொடருக்குப் படம் வரைந்துகொண்டிருந்தோம். வாள் ஓங்கும் படத்தையும் தலை விழும் படத்தையும் அவர்கள் அனுப்புவார்கள். நடுவில் வருவதையெல்லாம் நாங்கள் வரைய வேண்டும். ஜன்னலைத் திறந்தால் கோட்டை மலை. சண்டையில் செத்தவர்கள் இந்த ஊரில் ஏற்கெனவே ஏராளம், நாங்கள் இன்னும் கொஞ்சம் சேர்த்தோம்.

பக்கத்து மேஜை என் நண்பனுடையது. பள்ளியிலிருந்தே கூட்டாளி. அவன் அத்தாவுக்குக் கடைத்தெருவில் துணிக்கடை. கடையில் உட்காராமல் பொம்மை போடுகிறான் என்று வீட்டில் தினம் திட்டு. அவன் என்னைவிட நன்றாக வரைவான். அது எனக்குத் தெரியும், பிடிக்காது.

ஒரு காட்சியில் தளபதி தன் சிப்பாயைக் கன்னத்தில் அறைய வேண்டும். கை எனக்கு, முகம் அவனுக்கு. அவன் வரைந்த முகம் முதல் தடவையே தேறிவிட்டது. என் கை மூன்று முறை திரும்பி வந்தது. சிவப்பில் ஜப்பானிய மொழியில் ஏதோ கிறுக்கியிருந்தார்கள். எங்கள் முதலாளி அதை எல்லோருக்கும் கேட்கிற மாதிரி படித்துச் சொன்னார்.

“உன் கையில கோவமே இல்லியாம். தடவிக் குடுக்குற மாதிரி இருக்குதாம். அவனப் பாத்துக் கத்துக்கயேன்.”

எல்லோரும் சிரித்தார்கள். அவனும் சிரித்தான்.

இப்படிச் சிக்கிக்கொண்டால் நாங்களே நடித்து, போனில் பிடித்து, அதைப் பார்த்து வரைவது வழக்கம். பொய்யாக ஓங்குவோம், எதிரில் இருப்பவன் முகத்தைத் திருப்பிக்கொள்வான். அன்றைக்கு நானே அவனை எழுப்பி நிறுத்தினேன். “மெதுவாடா” என்றான், இன்னும் சிரித்துக்கொண்டே. ஓங்கி ஒன்று விட்டேன். உள்ளங்கை கன்னத்தில் விழவில்லை, காதை முழுசாக மூடி விழுந்தது. அவன் சுவரில் மோதிச் சரிந்தான். காதிலிருந்து மெல்லிசாக ரத்தம் இறங்கியது. நான் வரைந்த ரத்தம் எதுவும் அப்படி இறங்கியதில்லை.

டாக்டரிடம் கோட்டை மலையில், ராஜகிரிப் படியில் விழுந்துவிட்டதாகச் சொன்னான். வீட்டிலும் அதையேதான் சொன்னான். செவிப்பறை கிழிந்து, இடது காது போயே போய்விட்டது. அந்த போன் வீடியோவைப் பார்த்து நான் வரைந்த கை ஒரே தடவையில் தேறியது. அருமை என்று எழுதி வந்தது. எனக்குச் சந்தோஷமாக இருந்தது. எழுதவே வெட்கமாக இருக்கிறது, ஆனாலும் இருந்தது.

“படம் வரட்டும்டா. அந்த அடியப் பாத்து ஜப்பானே ஆடிப்போவும்” என்பான் என்னிடம். அதை வைத்துத்தான் அவன் மனதைத் தேற்றிக்கொண்டான்.

பிறகு ஒரு வாரம் வேலை வரவில்லை. மறுவாரமும் வரவில்லை. மேஜைகள் ஒரு டியூஷன் சென்டருக்குப் போயின. என்ன ஆனது என்று போன வருடம்தான் தேடிப் பார்த்தேன். அந்தக் கம்பெனியின் கதையை ரசிகர்கள் இணையத்தில் எழுதி வைத்திருக்கிறார்கள், போனே மொழிபெயர்த்துக் காட்டியது. அதுவும் சண்டையில் பிறந்ததுதான். பெரிய கம்பெனி ஒன்றில் முதலாளியின் மேஜையைக் கவிழ்த்துவிட்டு வெளியேறிய ஐந்து பேர் தொடங்கினார்களாம். ரத்தக் காட்சி என்றால் இவர்கள்தான் என்று பேர் வாங்கி, கடைசியில் தங்களுக்குள்ளேயே கைகலந்து, கம்பெனியை இழுத்து மூடினார்கள். எங்கள் தொடர் பாதியில் நின்றுபோனது. எங்கும் வெளிவரவில்லை, இனி வரவும் வராது.

இதை அவனிடம் சொல்ல எனக்குப் பல மாதம் ஆனது. ஒருநாள் திண்டிவனம் பஸ்ஸில் அவனுடைய இடது பக்கம் உட்கார்ந்துகொண்டு சொன்னேன். வேண்டுமென்றேதான் அந்தப் பக்கம் உட்கார்ந்தேன்.

“இன்னா முணுமுணுக்குற? கேக்காதுன்னு தெரிஞ்சுதான அங்க உக்காந்த? இந்தப் பக்கம் வந்து சொல்லு.”

மாறி உட்கார்ந்து எல்லாவற்றையும் சொன்னேன்.

“அப்ப என்ன எதுக்குடா அடிச்ச?”

படத்துக்காகத்தான் என்று சொல்லியிருந்தால் நம்பியிருப்பான். இத்தனை நாளும் அதைத்தானே நம்பினான்.

“கோவத்துலதான்டா” என்றேன். “எல்லாரும் சிரிச்சாங்க. நீயும் சிரிச்ச.”

அவன் எழுந்தான். என்னை நகர்த்திவிட்டு, தனக்கு இடது பக்கம் நான் வருகிற மாதிரி இடம் மாறி உட்கார்ந்தான். திண்டிவனம் வரைக்கும் நான் மன்னிப்புக் கேட்டுக்கொண்டே வந்தேன்.