மகள் கோட்டு போட்டாள், நான் கட்டு தூக்கினேன்

முதல் நாள்

என் மகள் நிவேதா வக்கீலாகப் பதிவு செய்துகொண்டு செஞ்சி முன்சீப் கோர்ட்டுக்கு வந்த முதல் நாளில், அவளுக்குப் பின்னால் வழக்குக் கட்டைத் தூக்கிக்கொண்டு நடந்தவன் நான்தான். நான் வக்கீல் குமாஸ்தா. மீசை முளைத்த வயதில் எங்கள் சீனியரிடம் சேர்ந்தேன், நரைத்த பிறகும் அவரிடமேதான் இருக்கிறேன். நிவேதா சட்டம் முடித்ததும், "வேற எங்கயும் அலைய வேணாம், நம்ம ஆபீசுக்கே வரட்டும் மூர்த்தி" என்று சீனியர் சொல்லிவிட்டார். வீட்டில் எல்லோருக்கும் சந்தோஷம். எனக்கும் சந்தோஷம்தான், கோர்ட் வராந்தா வரும் வரைக்கும்.

வராந்தாவில் அவள் திரும்பி, "குடு நைனா, நான் எடுத்துக்கிறேன்" என்று கையை நீட்டினாள்.

"வக்கீல் கட்டு தூக்கினா கோர்ட்டே சிரிக்கும். நீ நட" என்றேன்.

வக்கீல் முன்னால் போவார், குமாஸ்தா சற்றுப் பின்னால் போவான். யாரும் எழுதிவைக்காத சட்டம் இது. வாசலில் வழக்காட வரும் கட்சிக்காரர்களின் பெயரைக் கூவி அழைக்கும் டவாலி உட்கார்ந்திருந்தார். என்னை எந்நாளும் "இன்னா மூர்த்தி" என்று உட்கார்ந்தபடியே கேட்கிறவர் அவர். அன்றைக்கு அவளைப் பார்த்ததும் எழுந்து நின்று "வணக்கம் மேடம்" என்றார். சின்ன வயதில் அவர் மடியில் உட்கார்ந்து மிட்டாய் தின்றவள் அவள்.

எனக்கு வயிறு எரிந்தது. பெற்ற பெண்ணைப் பார்த்து வயிறு எரியுமா என்று கேட்பீர்கள். எரியும். குமாஸ்தா வேலைக்குப் புதிதாக வந்திருக்கும் பிள்ளைகள் இதைத் தெரிந்துகொள்ள வேண்டும் என்றுதான் எழுதுகிறேன்.

நாற்காலி

எங்கள் ஆபீசில் கட்சிக்காரர் முதலில் என்னிடம்தான் வருவார். பட்டா யார் பேரில், வில்லங்கச் சான்றுக்குப் போட்டாயிற்றா, வழக்கு எந்தக் கோர்ட்டுக்குப் போகும், எல்லாம் நான் சொல்லுவேன். தலையாட்டிக் கேட்டுவிட்டு, "சரி அண்ணே, ஐயா எப்ப வருவாரு?" என்பார். ஐயா வந்து அதையேதான் சொல்லுவார். அப்போதுதான் அந்த மனிதர் முகத்தில் தெளிவு வரும். அதற்கு நான் பழகிவிட்டேன். சீனியர் மேல் பொறாமைப்படுவது வெயிலைத் திட்டுவதுபோல, அதனால் ஒன்றும் ஆகப்போவதில்லை.

மகள் விஷயம் அப்படி இல்லை. சீனியர் மேசைக்கு எதிரே அவளுக்கு ஒரு நாற்காலி போட்டார்கள். நான் அந்த அறையில் என்றைக்கும் நின்றுகொண்டுதான் பேசியிருக்கிறேன், எனக்கு அது உறைத்ததுகூட இல்லை. இப்போது அவள் உட்கார்ந்திருக்க, நான் நிற்கும்போது முட்டி வலித்தது. என்னிடம் கேட்டுக்கொண்டிருக்கும் கட்சிக்காரர் பாதியில் திரும்பி, "மேடம் இன்னா சொல்றாங்க?" என்பார். மேடம் நான் சொன்னதைச் சொல்லுவாள். அதோடு நிற்காமல் ஏன் அப்படி என்பதையும் விளக்குவாள். அது எனக்குச் சொல்லத் தெரியாது. அதுதான் இன்னும் எரிச்சல்.

வீட்டில் "நீ, வா, போ" என்று பேசுகிறவள், ஆபீசில் "அந்தக் கட்டை எடுங்க" என்பாள். நைனா என்று கூப்பிட அவளுக்குக் கூச்சம். வேறு எப்படிக் கூப்பிடுவது என்றும் தெரியவில்லை. அந்த மரியாதை எனக்குப் பிடிக்கவில்லை. ராத்திரிச் சாப்பாட்டில் கோபத்தைத் தட்டின்மேல் காட்டுவேன்.

"நம்ம பொண்ணுதானே, இன்னாத்துக்கு மூஞ்சிய தூக்கி வெச்சிக்கினு இருக்க?" என்பாள் என் மனைவி.

அவளிடம் எப்படிச் சொல்வது? அடுத்தவன் பெண்ணாக இருந்திருந்தால் நான் இவ்வளவு பொறாமைப்பட்டிருக்க மாட்டேன். என் மூக்கு, என் நெற்றி, கோட்டு மட்டும் என்னுடையது இல்லை.

புறக்கணிப்பு

லூர்து மேரி அனந்தபுரம் பக்கத்துக்காரர். கணவர் இல்லை, ஒற்றை ஆளாகப் பயிர் வைக்கிறவர். அவர் நிலத்துக்குப் போகும் வண்டிப்பாதையை ஒட்டிய புன்செய்க் காட்டை ஒருவர் மனை போடுவதற்காக வாங்கி, பாதையையும் சேர்த்துக் கல்லுக்கால் நட்டுக் கம்பி கட்டப்போவதாகச் சொல்லிவிட்டார். மல்லாட்டை, அதாவது வேர்க்கடலை, பிடுங்கும் நேரம். பாதை போனால் டிராக்டர் உள்ளே வராது, பிடுங்கியது காட்டிலேயே கிடக்கும். அந்த அம்மாவை ஆபீசுக்கு அழைத்து வந்தவன் நான். தடை உத்தரவு கேட்டு மனு போட்டிருந்தோம்.

விசாரணைக்கு வந்த அன்றைக்கு வக்கீல்கள் கோர்ட் புறக்கணிப்பு. வெளியூரில் ஒரு வக்கீலுக்கும் போலீசுக்கும் ஏதோ தகராறு. உள்ளே போய் ஆஜராகிற வக்கீலைச் சங்கத்தை விட்டு நீக்குவோம் என்று தீர்மானம். சீனியரும் சங்கத்தில் பொறுப்பில் இருக்கிறவர், கேட்டில் நின்று கோஷம் போட்டுக்கொண்டிருந்தார். புறக்கணிப்பு நாளிலும் குமாஸ்தாக்கள் உள்ளே போய் வாய்தா தேதியைக் குறித்துக்கொண்டு வரலாம். எங்களை யாரும் தடுப்பதில்லை, நாங்கள் போனால் போனதாகவே கணக்கில்லை.

"நாளைக்கு விடிஞ்சா கல்லு நடப்போறானுங்க அண்ணே. ஜல்லியும் சிமிட்டியும் வந்து எறங்கியாச்சு" என்று லூர்து மேரி என் கையைப் பிடித்துக்கொண்டார்.

நான் வேப்பமரத்தடியில் நின்றிருந்த நிவேதாவிடம் போனேன். "நீ உள்ள போய் நில்லு. ஒரே நிமிஷம். அந்த அம்மா பொழப்பு போயிடும்."

"போனா என்னை சங்கத்துல இருந்து எடுத்துடுவாங்க. அப்புறம் ஒருத்தரும் எனக்காக ஒரு வாய்தாகூட கேக்கமாட்டாங்க."

"எடுத்தா எடுக்கட்டுமே."

அவள் என்னை நிமிர்ந்து பார்த்தாள். ஆபீஸ் மரியாதையெல்லாம் போய்விட்டது. "நைனா, நீ அந்தம்மாவுக்காகத்தான் சொல்றியா?"

நான் கட்டின் முடிச்சை அவிழ்த்து மறுபடி கட்டினேன். லூர்து மேரிக்காகச் சொன்னேன் என்பது உண்மை. அந்தக் கோட்டு ஒருநாளாவது அவள் மேலிருந்து இறங்கினால் தேவலை என்று நினைத்ததும் உண்மை. அவளுக்கு அது தெரிந்துவிட்டது.

அவள் என்னை விட்டுவிட்டு லூர்து மேரியிடம் திரும்பினாள். "அம்மா, நீங்களே உள்ள போய் பேசலாம்."

"நானா? ஜட்ஜுகிட்டயா? இன்னாம்மா வெளையாடுறியா?"

"உங்க கேஸ்ல நீங்க பேசறதுக்கு யார் பர்மிஷனும் வேணாம். நீங்க யாரு, நாளைக்கு இன்னா நடக்கப்போவுது, உங்களுக்கு இன்னா வேணும். இத மட்டும் சொல்லுங்க."

இது எனக்கும் தெரியும். எல்லாக் குமாஸ்தாவுக்கும் தெரியும். நாங்கள் யாரும் கட்சிக்காரரிடம் வாய் தவறிக்கூடச் சொல்வதில்லை. சொல்லாமல் இருப்பதில்தான் எங்கள் எல்லோருடைய அடுப்பும் எரிகிறது.

டவாலி பெயரைக் கூவினார். லூர்து மேரி முந்தானையை இழுத்துச் செருகிக்கொண்டு உள்ளே போனார். நான் கட்டோடு சுவரோரம் நின்றேன். வக்கீல்கள் உட்காரும் நாற்காலிகள் எல்லாம் காலி.

"உங்க வக்கீல் எங்கம்மா?" என்றார் நீதிபதி. வயதில் சின்னவர்.

"வெளிய கோசம் போடுறாங்க ஐயா."

நீதிபதி சிரிக்காமல் இருக்கப் பாடுபட்டார். "சரி, நீங்க சொல்லுங்க."

நிவேதா சொல்லிக்கொடுத்ததெல்லாம் அந்த அம்மாவுக்கு மறந்துபோயிற்று. "ஐயா, நாளைக்கு கல்லு நட்டுட்டா மல்லாட்டைய எப்டி வீட்டுக்கு கொண்டாருவேன்? தலையில சொமக்க எனக்கு முட்டி இல்ல. எங்க மாமனாரு காலத்துல இருந்து வண்டி போற பாதை ஐயா அது" என்றார்.

"சர்வே நம்பர் என்ன?"

அந்த அம்மா திரும்பி என்னைப் பார்த்தார். நம்பர் என் நாக்கு நுனியில் இருந்தது. என்னையறியாமல் ஓர் அடி முன்னால் வைத்து வாயைத் திறந்துவிட்டேன்.

"நீங்க யாரு?" என்றார் நீதிபதி.

"குமாஸ்தாங்க ஐயா."

"குமாஸ்தா கோர்ட்ல பேசக்கூடாது. தெரியாதா?"

தெரியும் ஐயா என்று சொல்வதும் பேச்சாகிவிடுமே என்று தலையை மட்டும் ஆட்டிவிட்டுச் சுவரோரம் போனேன். லூர்து மேரி, "நம்பரு தெரியாதுங்க, மாதா செல வெச்ச கெபிக்குப் பின்னால, எங்க கெணத்துக்கு மேற்கால" என்று கையை நீட்டிக் காட்டிக்கொண்டிருந்தார், பாதை அந்த அறைக்குள்ளேயே இருப்பதுபோல. நீதிபதி மனுவைப் புரட்டி நம்பரைத் தானே பார்த்துக்கொண்டார். அடுத்த வாய்தா வரைக்கும் பாதை இப்போது உள்ளபடியே இருக்க வேண்டும், யாரும் கை வைக்கக் கூடாது என்று உத்தரவு போட்டார்.

அதற்குப் பிறகு

சாயங்காலம் சீனியர் நிவேதாவைக் கூப்பிட்டுக் கத்தினார். "வக்கீல் இல்லாமலே வேலை நடக்கும்னு கட்சிக்காரனுக்குக் காட்டிட்டா, நாளைக்கு நாம எங்கம்மா போறது?"

எனக்கு உள்ளுக்குள் குளுகுளு என்று இருந்தது. மறைக்க வேண்டியதில்லை.

"வக்கீலுங்க உள்ள போகக்கூடாதுன்னுதானே சார் தீர்மானம்? நான் போகல" என்றாள் அவள்.

சீனியர் விழுந்து விழுந்து சிரித்தார். "நீ வக்கீல்தாம்மா" என்றார். இத்தனை காலத்தில் அவர் என்னைப் பார்த்து, "நீ குமாஸ்தாதாண்டா" என்று பாராட்டாகச் சொன்னதில்லை. குளுகுளுப்பு போய் மறுபடி எரிச்சல் வந்துவிட்டது.

ஆனால் அன்று என்னை உண்மையில் அடித்தவர் லூர்து மேரி. பஸ் ஏற்றிவிடப் போனேன். ஜன்னலோரம் உட்கார்ந்துகொண்டு அவர் கேட்டார்: "நீங்களும் அங்கதானே நின்னீங்க அண்ணே? ஜட்ஜு பேசினதுல பாதி எனக்கு காதுலயே வுழல. நீங்க ஒரு வார்த்தை பேசியிருக்கக் கூடாதா?"

அவர் குற்றமாகக் கேட்கவில்லை. நீதிபதி என்னை அடக்கியதும் அவர் காதில் விழவில்லை, எனக்குப் பேச உரிமை இல்லை என்பதே அவருக்குத் தெரியாது. அதுவரை மகளின் கோட்டு மேல் பொறாமைப்பட்டுக்கொண்டிருந்தவன், பஸ் கிளம்பிப் போகையில் கட்டம் போட்ட நூல் புடவை கட்டிய அந்த அம்மாவின்மேல் பொறாமைப்பட்டேன். படித்ததால் மகள் பேசலாம். பாதை தன்னுடையது என்பதால் லூர்து மேரி பேசலாம். அந்தக் கோர்ட்டில் எல்லோரையும்விட அதிக நாள் நின்ற எனக்குத்தான் வாய் இல்லை.

வீட்டுக்கு வந்து மகளிடம் கேட்டேன். "ஏம்மா, குமாஸ்தா கோர்ட்ல எப்பதான் பேசலாம்?"

அவள் சோற்றைப் பிசைந்தபடி யோசித்துவிட்டு, "உம்மேல யாராவது கேஸ் போட்டா பேசலாம் நைனா" என்றாள்.

இந்த வேலைக்கு வந்திருக்கும் பிள்ளைகளுக்கு நான் சொல்ல வேண்டியது இதுதான். சட்டம் உங்களுக்குத் தானாகவே படிந்துவிடும், வக்கீல்களே வந்து சந்தேகம் கேட்பார்கள். அதை நம்பி இருந்துவிடாதீர்கள். தெரிந்ததைச் சொல்ல உங்களுக்கு ஓர் இடம் வேண்டும், அதை யாரும் கொடுக்கமாட்டார்கள். வயதும் வசதியும் இருந்தால் மாலை வகுப்பிலாவது சேர்ந்து படித்துக் கோட்டு போடுங்கள். முடியாதவர்கள் என்னைப்போல வயிறு எரியலாம், அதற்கு மட்டும் யார் அனுமதியும் வேண்டாம்.