மாடி வீட்டு மொட்டை

அரியலூரில் என் மாடி அறையில் ஒடிசாக்காரர் ஒருவர் தனியாகக் குடியிருக்கிறார். சிமெண்ட் ஆலையில் வேலை. சென்ற மாதம் ஒரு ஞாயிற்றுக்கிழமை, காலை பத்து மணிக்கு மொட்டைத் தலையுடன் படியிறங்கினார்.

“என்னப்பா, சமயபுரம் போயிட்டு வந்துட்டியா? பிரசாதம் எங்க?” என்று சிரித்தேன்.

“அம்மா செத்துப்போச்சு சார். பத்து நாள் ஆச்சு. லீவு கெடைக்கல.” தயங்கினார். “இன்னிக்கு அவங்களுக்காக யாருக்காவது சோறு போடணும். நீங்க வருவீங்களா?”

அந்தப் பத்து நாளும் என் நாட்குறிப்பில், ‘மாடியில் சத்தமில்லை, நிம்மதி’ என்று எழுதியிருந்தேன்.

போனேன். இலை போட்டுப் பரிமாறினார். தலை நிமிராமல் சாப்பிட்டேன். கை கழுவிய பிறகுதான் அவர் அம்மாவின் பெயரைக் கேட்டேன். சொன்னார். இந்த ஊரில் அந்தப் பெயர் தெரிந்தவர்கள் நாங்கள் இருவர் மட்டுமே.