வெயிலில் வெந்த மாப்பிள்ளை

பாலக்கோட்டில் ஒரு போட்டோ ஸ்டுடியோவில் எனக்கு வேலை. படம் எடுக்கிற வேலை இல்லை. கல்யாணத்துக்கு முன்னால் பெண்ணும் மாப்பிள்ளையும் ஜோடியாக அவுட்டோர் ஷூட் போகிறார்களே, அப்போது பெண் வீட்டாரின் நிம்மதிக்காகக் கூடவே போகிற கிழவி நான். சேலைக்கு ஊக்கு குத்துவேன், குடை பிடிப்பேன், மாப்பிள்ளையின் கை தோளைத் தாண்டி இறங்கினால் இருமுவேன். இருமலுக்குத் தனிச் சம்பளம் கிடையாது.

இந்த வேலைக்குப் புதிதாக வரும் பெண்கள் திலீப் கதையைத் தெரிந்துகொள்வது நல்லது.

1. பரிசல்

சித்திரை மாசம். கல்யாணத்துக்கு இரண்டு நாள்தான் இருந்தது. மாப்பிள்ளை திலீப்புக்கு ஓசூரில் ஏசி ரூமில் கம்ப்யூட்டர் வேலை, லீவு அப்போதுதான் கிடைத்ததாம். ஒகேனக்கல்லுக்கு விடியற்காலையில் கிளம்ப வேண்டும் என்று பேச்சு. மாப்பிள்ளைத் துரை எழுந்து, தலைக்கு ஜெல் தடவி முடிப்பதற்குள் வெயில் ஏறிவிட்டது.

கிளம்பும்போது அவன் அம்மா என்னைத் தனியாகக் கூப்பிட்டார்.

"ஆயா, பொண்ணு ஏற்கெனவே மாநிறம். வெயில்ல வாட்டிக் கூட்டியாந்துராதீங்க. எங்க சொந்தக்காரங்க மொதல்ல மூஞ்சியத்தான் பாப்பாங்க."

"உங்க பையன் மட்டும் வாடலாங்களா?"

"ஆம்பளப் புள்ள. அவனுக்கு என்னா?"

பெண் பார்க்கப் போன அன்றே, மகன் கையை இழுத்துப் பெண்ணின் கைக்குப் பக்கத்தில் வைத்து நிறம் பார்த்த மகராசி அவர். பெண் சங்கவியே வண்டியில் வரும்போது என்னிடம் இதைச் சொன்னாள். அழவில்லை, ஆனால் மறக்கவும் இல்லை.

சங்கவிக்கு மெடிக்கல் ஷாப்பில் வேலை. வண்டி ஏறும் முன்பே முகம், கழுத்து, காது, புறங்கை எல்லாவற்றிலும் சன்ஸ்கிரீன் பூசியிருந்தாள். வியர்வை துடைத்த பிறகு மறுபடியும் பூசினாள். ஒரு போஸ் முடிந்ததும் குடைக்குள் வந்துவிடுவாள். டியூபை திலீப்பிடம் நீட்டினாள்.

"நீங்களும் போட்டுக்கோங்க."

"மாவு பூசிக்க நான் என்ன பொம்பளையா?"

இந்தப் பதிலைச் சொன்ன வீரன் கையில்லாத பனியன், கூலிங் கிளாஸ், கணுக்கால் வரை பூட்ஸ் போட்டுப் பரிசலில் கால் பரப்பி நின்றான். போட்டோகிராபர் சத்யா "மாஸ் ப்ரோ!" என்று ஏற்றிவிட்டான். மேலே வெயில், கீழே தண்ணீர் திருப்பி அடிக்கிற வெயில், பக்கத்தில் பாறையின் சூடு. தோசையையாவது திருப்பிப் போட்டு வேகவைப்பார்கள். இவன் ஒரே நேரத்தில் எல்லாப் பக்கமும் வெந்தான்.

"தம்பி, பரிசக்காரர பாரு. தெனம் வெயில்ல கெடக்கற மனுசன், முழுக்கைச் சட்ட போட்டு துண்டு கட்டியிருக்காரு."

"அவரு வயசானவரு ஆயா. நமக்கெல்லாம் வெயில் பழக்கம்."

ஏசி ரூமில் எந்த வெயில் வந்து இவனோடு பழகியதோ!

2. நலங்கு

மறுநாள் சாயந்திரம் மண்டபம். எங்கள் ஊர்த் தக்காளிச் சந்தையில் தரம் பிரித்தால் முதல் கூடையில் போகும், அப்படிப் பழுத்திருந்தான் திலீப். கண்ணைச் சுற்றி மட்டும் வெள்ளையாக இரண்டு வட்டம். தோளெல்லாம் கொப்புளம். சட்டை பட்டாலே கத்தினான். ஒரு பெரியம்மா பற்பசை தடவச் சொன்னார், ஒரு சித்தி ஐஸ் வைக்கச் சொன்னார். வரவழைத்த டாக்டரம்மா இரண்டு பேரையும் திட்டிவிட்டு, "ஈரத்துணி போடுங்க, தண்ணி நெறைய குடுங்க, கொப்புளத்த ஒடைக்காதீங்க, எதையும் போட்டுத் தேய்க்காதீங்க" என்று மாத்திரை எழுதிக் கொடுத்துப் போனார்.

ஆனால் அடுத்தது நலங்கு. மஞ்சள் கிண்ணத்தோடு சுமங்கலிகள் வரிசையில் நிற்கிறார்கள்.

"மஞ்ச பூசாம எம்புள்ளய எப்டி மணையில உக்கார வெப்பன்?" என்று அம்மா அழுதார்.

"தொட்டா செத்துருவன்மா!" என்றான் மகன்.

கூட்டத்தில் ஒரு வாய் மெல்லச் சொன்னது: "பொண்ணு ராசி இப்பவே தெரியுது பாரு."

வெந்தது இவன் திமிரால். பழி மட்டும் அவள் தலையில். எனக்கு நாக்கு துறுதுறுத்தது. அதற்குள் சங்கவியே மணமகள் அறையிலிருந்து இறங்கி வந்துவிட்டாள்.

"அத்த, அவுரு பூட்ஸ் போட்டிருந்தாரு. பாதம் நல்லாத்தான் இருக்கு. அங்க பூசுங்க."

பூசினார்கள். அத்தனை பெண்களும் குனிந்து உள்ளங்காலில் தேய்க்க, திலீப்புக்குக் கூச்சம் தாங்கவில்லை. சிரித்தால் கன்னம் எரிகிறது, சிரிக்காமலும் இருக்க முடியவில்லை. நான் சிரித்த சிரிப்பில் பிடித்திருந்த லைட் ஆடி, பாதிப் படம் வீண்.

3. ஆல்பம்

முகூர்த்தத்தில் பார்லர் பெண்ணை வைத்து அவனுக்கு இரண்டு கோட் மேக்கப் பூசவைத்தார் அம்மா. உரிகிற தோலில் எது ஒட்டும்? தாலி கட்டும்போது பழைய சுவர்ச் சுண்ணாம்பு மாதிரி மூக்கிலிருந்து உதிர்ந்தது. சாப்பாடு முடிந்ததும் மொட்டை மாடியில் டிரோன் ஷாட் எடுக்கலாமா என்று சத்யா கேட்டான். மாப்பிள்ளை அறைக்குள் போய்த் தாழ்ப்பாள் போட்டுக்கொண்டான்.

ஆல்பம் பார்க்க மாமியாரும் மருமகளும் ஸ்டுடியோவுக்கு வந்தார்கள்.

"சத்யா, எம்புள்ள மூஞ்சிய மட்டும் கொஞ்சம் வெளுத்துக் குடுப்பா."

இத்தனை வருஷத்தில் மாப்பிள்ளை முகத்தை வெளுக்கச் சொல்லி யாரும் கேட்டு நான் பார்த்ததே இல்லை. சத்யா வழக்கப்படி வாயை விட்டான்: "அப்ப பொண்ணுக்கும் சேத்தே பண்ணிரட்டுங்களா?"

சங்கவி மாமியாரைத் திரும்பிப் பார்த்தாள். "எம் மூஞ்சிக்கு என்னாங்க அத்த கொற?"

அந்த அம்மா கண்ணாடியைப் போட்டுக்கொண்டு படத்தைப் பார்த்தார். படத்தில் அவள் பக்கத்தில் நிற்கும் மகனையும் பார்த்தார். ரொம்ப நேரம் பார்த்தார்.

"ஒரு கொறையும் இல்ல. அவள தொடாத, எம்புள்ளய மட்டும் சரி பண்ணு."

நான் கற்றுக்கொண்டது இதுதான். வெயில் ஏறும் முன் ஷூட்டை முடியுங்கள். சன்ஸ்கிரீனைப் பெண் கையில் மட்டும் கொடுத்துவிட்டுச் சும்மா இருக்காதீர்கள், மாப்பிள்ளையை உட்காரவைத்து நீங்களே அப்புங்கள். "ஆம்பளப் புள்ளைக்கு எதுக்கு?" என்று அவன் அம்மா வந்தால் அவருக்கும் ஒரு கை அப்புங்கள். பெண் வீடா, மாப்பிள்ளை வீடா என்று கேட்டுவிட்டுப் பந்தியில் உட்கார வைக்கலாம். வெயில் கேட்காது.