தாலியும் தட்டும்

எண்பதுகளில் ஹூஸ்டனில், விக்டோரியா ராணி காலத்து ஓவியங்களை ஆராய்ந்துகொண்டிருந்தேன். ஓர் ஆங்கிலேயக் குடும்பப் படத்தின் ஓரத்தில், குழந்தையை ஏந்தியபடி ஒரு மதராஸ் ஆயா. அவள் கழுத்தில் இருப்பது வெறும் நகையல்ல, தாலி என்றேன். கணவனை ஊரில் விட்டு வந்தவள் என்றேன். "எல்லாம் உன் கற்பனை" என்று சிரித்தார் என் பேராசிரியர்.

அடுத்து வந்த அவருடைய புத்தகத்தில் அதே தாலி, அவருடைய கண்டுபிடிப்பாக. அந்த ஆயாவின் பெயரைப் போலவே என் பெயரும் எங்கும் இல்லை. ஆங்கிலத்தில் எழுதினால் நம் தாலியும், 'தாலி' என்கிற வடக்கத்திச் சாப்பாட்டுத் தட்டும் ஒரே ஸ்பெல்லிங். அடிக்குறிப்பில் எழுதியிருந்தார்: 'தாலி: சாப்பாட்டுத் தட்டு வடிவப் பதக்கம்.'

ஃப்ரீவேயில் கார் ஓட்டிக்கொண்டே என் கணவர் சொன்னார்: "லெட்டர் போட்டு கரெக்ட் பண்ணச் சொல்லேன்."

"மாட்டேன். அந்தத் தட்டாவது அவரோட சொந்தச் சரக்கா இருக்கட்டும்."